வெள்ளைக்காரர் எழுதிய பழைய பயண நூல்களில் நம் ஆட்கள்: படிக்கலாமா, தள்ளிவிடலாமா?

பிப்ரவரி 4, இரவு 9.15
செங்காங் வாசகி

மகள் உயர்நிலை ஒன்றில் படிக்கிறாள். வரலாற்றுப் பாடத்துக்காக, அந்தக் காலத்தில் சிங்கப்பூருக்கு வந்துபோன வெளிநாட்டுப் பயணிகளும் பாதிரிமாரும் எழுதியதிலிருந்து சில பக்கங்கள் கொடுத்திருக்கிறார்கள். நானும் கூட உட்கார்ந்து படித்தேன். கோபம்தான் வந்தது. நம்மைக் "கிளிங்" என்று எழுதுகிறார்கள், தென்னிந்தியருக்கு அந்தக் காலத்துப் பேர், இன்றைக்கு வசைச்சொல். ஒருவர் நிறத்தைப் பேசுகிறார், ஒருவர் உடுப்பைப் பேசுகிறார், பாதிரியார் எழுதியதில் நாமெல்லாம் இருட்டில் கிடக்கும் ஜனங்கள். "இது அவங்க பெருமைக்கு எழுதிக்கிட்டது, பரீட்சைக்கு வேண்டியதை மட்டும் எடுத்துக்கோ, மிச்சத்தை நம்பாதே" என்று சொல்லிவிட்டேன். இங்கே சுற்றுலா வழிகாட்டியாக இருக்கிற அண்ணன் இந்தப் புத்தகங்களைப் பற்றி அடிக்கடி எழுதுவார். அண்ணே, நான் சொன்னது சரிதானே?

பிப்ரவரி 4, இரவு 11.40
வழிகாட்டி

கோபம் நியாயமானது தங்கச்சி. ஆனால் தள்ளிவிடாதீர்கள்.

இசபெல்லா பேர்ட் என்ற அம்மா 1879 ஜனவரியில் சிங்கப்பூருக்கு வந்தார். மலாய் மாநிலங்களில் சில வாரம் சுற்றினார், தங்கைக்கு எழுதிய கடிதங்களை 1883இல் 'தங்கத் தீபகற்பம்' என்ற பேரில் புத்தகமாகப் போட்டார். இங்கே பார்த்த தமிழ்ப் பெண்களைப் பற்றி அதில் ஒரு பத்தி இருக்கிறது. உங்கள் மகளுக்குக் கொடுத்த பக்கங்களில் அது இருக்கிறதா என்று பாருங்கள். நடையழகைப் பார்த்துப் பார்த்து அலுக்கவே இல்லை என்கிறார். அடுத்த வரியிலேயே மூக்குத்தி மூக்கின் அழகைக் கெடுக்கிறது என்கிறார். இரண்டு மூன்று வளையம் போட்டுக் காது இழுபட்டுப் போச்சு என்கிறார். பிறகு புடவைக்கு வருகிறார். தைக்கவில்லை, அளவெடுக்கவில்லை, ஆனாலும் உடம்பை முழுக்க மூடுகிறது, எந்த அசைவையும் தடுக்கவில்லை, இது எப்படி என்று வியக்கிறார். வெள்ளையோ சிவப்போ, பத்துக் கெஜம் மெல்லிய துணி இருக்கும் போல, ஒரு தோளும் கையும் திறந்திருக்கிறது என்று எழுதுகிறார்.

என் அப்பாயி சிவகங்கைச் சீமையிலிருந்து ரஜூலா கப்பலில் வந்தவர். காதில் தண்டட்டி, தோள் வரை தொங்கும். ரவிக்கை போட்டதே இல்லை. கட்டியது பதினெட்டு முழக் கண்டாங்கி, பின்கொசுவம் வைத்து. பதினெட்டு முழம் என்றால் ஒன்பது கெஜம். தொட்டுப் பார்க்காமல், அளந்து பார்க்காமல், கண்ணால் மட்டும் பார்த்து அந்த அம்மா பத்து என்கிறார். கண் கூர்மையான கண்தான். அந்தக் கட்டை என் அம்மாவே கட்டவில்லை, என் மனைவிக்குக் கட்டத் தெரியாது. 1879இல் நம் பெண்கள் இந்த ஊர்த் தெருவில் எப்படி உடுத்தி நடந்தார்கள் என்பதற்கு இவ்வளவு நெருக்கமான வர்ணனை வேறு எங்கே கிடைக்கும், சொல்லுங்கள்.

ஆனால் அந்தப் பத்தி முழுவதும் ஒரு பெண்கூட வாய் திறக்கவில்லை. பேர் இல்லை, ஊர் இல்லை, எங்கே போகிறாள் என்பது இல்லை. கண் பார்த்ததை நம்பலாம். கேட்காமல் சொன்னதை அவ்வளவு எளிதில் நம்பக்கூடாது. மகளிடம் இந்த இரண்டையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

பிப்ரவரி 5, காலை 7.20

வேலைக்குக் கிளம்புமுன் ஒன்று. கேட்காமல் சொன்னது என்றேனே, அதற்கு நல்ல உதாரணம் ஆல்ஃபிரட் ரஸல் வாலஸ், வண்டும் பறவையும் சேர்த்த இயற்கை ஆய்வாளர். 1854 ஏப்ரலில் வந்தார், 1869இல் 'மலாய்த் தீவுக்கூட்டம்' வெளிவந்தது. சிங்கப்பூரைச் சொல்லும் அத்தியாயத்தில், கிளிங்குகள் மேற்கு இந்தியாவிலிருந்து வந்த முகமதியர், சின்ன வியாபாரிகள், கடைக்காரர்கள் என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்.

மேற்கு இந்தியா! நாகூரிலும் நாகப்பட்டினத்திலும் காரைக்காலிலும் கப்பல் ஏறியவர்களை ஒரே வரியில் மறுகரைக்குக் கொண்டுபோய்விட்டார். 1827இலிருந்தே சவுத் பிரிட்ஜ் சாலையில் மாரியம்மன் கோயில் இருந்ததும் அவர் கணக்கில் வரவில்லை. ஒரு கடைக்குள் நுழைந்து "எந்த ஊர்?" என்று கேட்டிருந்தால் தீர்ந்திருக்கும்.

பிப்ரவரி 5, இரவு 10.05

மேலே ஒருவர் "வாலஸ் போன்ற மேதையை ஒரு வார்த்தைக்காகப் பிடித்துக்கொள்ளலாமா" என்று எழுதியிருக்கிறார். பிடித்துக்கொள்ளவில்லை அண்ணே. அவர் எனக்குப் பிடித்த எழுத்தாளர். புக்கிட் தீமா பக்கம் ஆட்களை அழைத்துப் போகும்போதெல்லாம் அவரைச் சொல்லாமல் நான் வந்ததில்லை.

அவர் எங்கே சரியாக இருக்கிறார், எங்கே தவறுகிறார் என்பதைத்தான் பார்க்கச் சொல்கிறேன். புக்கிட் தீமாவில் பிரெஞ்சுப் பாதிரியாரோடு தங்கினார். சீன மரவெட்டிகள் காட்டை வெட்டிக்கொண்டிருந்த இடம். விழுந்த மரமும் பட்டையும் மரத்தூளும் கிடந்தால் வண்டுக்குக் கொண்டாட்டம். ஒரு சதுர மைலுக்கு மேல் போகாத இடத்தில், இரண்டு மாதத்துக்குள் 700 வகை வண்டு பிடித்தேன் என்கிறார். புலிக்குழியைப் பற்றியும் எழுதுகிறார். குச்சியும் இலையும் போட்டு மூடிய ஆழமான குழி அங்கங்கே இருக்கும், முன்பு அடியில் கூரான முளை நட்டு வைத்திருந்தார்கள், வழிப்போக்கர் ஒருவர் விழுந்து செத்தபிறகு அதை நிறுத்தினார்கள் என்று. தினமும் அந்தப் பாதையில் நடக்கிறவனுக்குக் குழி எங்கே என்று தெரிந்தே ஆகவேண்டும். அதனால் குழியைப் பற்றிச் சரியாக எழுதினார். கிளிங் எந்தக் கரையிலிருந்து வந்தான் என்று தெரியாவிட்டால் அவருக்கு ஒரு நஷ்டமும் இல்லை.

நான் இந்தப் புத்தகங்களைப் படிக்கிற முறையே இதுதான். எழுதியவர் எதை நம்பிப் பிழைத்தார், யாரை நம்பிப் பயணம் செய்தார் என்று தேடுவேன். அந்த இடத்தில் அவர் கவனமாக இருப்பார். சரவாக்கிலிருந்து அலி என்ற மலாய்ப் பையன் வாலஸுக்குச் சமைக்கச் சேர்ந்தான். பிறகு பறவை சுடக் கற்றான், தோலுரித்துப் பதப்படுத்தக் கற்றான், தீவு தீவாகக் கூடவே போனான். அவனுக்குப் பேர் இருக்கிறது, குணம் இருக்கிறது. 1862இல் ஊருக்குத் திரும்புமுன் வாலஸ் அவனை இங்கே சிங்கப்பூரில் உட்காரவைத்துப் படம் எடுத்தார். அந்தப் படம் இன்றைக்கும் இருக்கிறது.

பிப்ரவரி 6, மதியம் 1.10

"ஆளுக்கு ஆள் பார்வை மாறும், யாரைத்தான் நம்புவது?" என்று ஈசூனிலிருந்து ஒரு தம்பி கேட்கிறார்.

எமிலி இன்னஸைப் படியுங்கள் தம்பி. கணவர் மலாய் மாநிலங்களில் கீழ்நிலை அதிகாரி. லங்காட்டிலும், பேராக்கில் டுரியான் சபாத்தாங் என்ற ஆற்றோரச் சேற்றிலும் வருஷக்கணக்காகக் குடும்பம் நடத்தினார். கொசு, சேறு, பேச ஆள் இல்லை. 1878இல் பங்கோர் தீவில் அவர் விருந்தாளியாகத் தங்கியிருந்த வீட்டுக்குள் கொள்ளைக்கூட்டம் புகுந்து அதிகாரி லாய்டைக் கொன்றது. இந்த அம்மா அடிபட்டு உயிர் தப்பினார். 1885இல் பேர்ட் அம்மாவுக்குப் பதில் போல ஒரு புத்தகம் எழுதினார், அதே நாட்டின் தங்கப் பூச்சை உரித்துக் காட்டுகிறேன் என்று தலைப்பிலேயே சொல்லி.

அதன் கடைசியில் அவர் சொல்வதை நான் பலரிடம் சொல்லியிருக்கிறேன். பேர்ட் எழுதியது ஒவ்வொன்றும் உண்மை, நான் எழுதியதும் உண்மை, இரண்டு பேரும் முற்றிலும் வேறான நிலையில் இருந்து அந்த நாட்டைப் பார்த்தோம் என்கிறார். பேர்ட் பேர்பெற்றவர். போன இடமெல்லாம் அதிகாரிகள் படகோடு காத்திருந்தார்கள், விருந்து வைத்தார்கள். கோலகங்சாரில் ரெசிடென்ட், அதாவது ஆங்கிலேயர் வைத்த ஆலோசகர், ஹியூ லோ வீட்டு மேசையில் குரங்குகளோடு உட்கார்ந்து சாப்பிட்டதை அவ்வளவு சந்தோஷமாக எழுதுகிறார். இன்னஸ் அம்மாவுக்கு அந்த மேசை இல்லை.

பிப்ரவரி 6, இரவு 11.30

போன வாரத் தைப்பூசம் இன்னும் மனசில் இருக்கிறது, எழுதிவிடுகிறேன்.

ஒவ்வொரு வருஷமும் சிராங்கூன் சாலைப் பெருமாள் கோயிலுக்குச் சுற்றுலா ஆட்களை அழைத்துப் போகிறேன். கேமராவைத் தூக்கியவுடன் வரும் முதல் கேள்வி "வலிக்காதா?" இரண்டாவது "ரத்தம் ஏன் வரவில்லை?" அலகு குத்துவதைப் பக்கத்தில் போய்ப் படம் பிடிப்பார்கள். காவடி எடுப்பவரைச் சுற்றிப் பத்துப் பேர் நிற்கிறார்கள். ஒருவர் விபூதித் தட்டு வைத்திருக்கிறார், ஒருவர் முக்காலியைத் தூக்கிக்கொண்டு வருகிறார், அவர் களைத்து நின்றால் உட்காரவைக்க. அம்மா பால்குடத்தோடு பின்னால் வருகிறார். இது எதுவும் படத்தில் வராது. மறுநாள் அவர்கள் ஊருக்கு எழுதி அனுப்புவதைப் படித்தால் வேலும் கம்பியும் மட்டும்தான் இருக்கும். கெட்டவர்கள் இல்லை. அரைநாள்தான் இருக்கிறார்கள், மொழி தெரியாது, கண்ணுக்கு முதலில் பட்டதை எழுதுகிறார்கள்.

இந்த வருஷம் ஒரு வயதான அம்மா மட்டும் வேறு மாதிரி கேட்டார். "அந்தப் பையன் என்ன வேலை பார்க்கிறான்?" என்றார். எனக்குத் தெரிந்த பையன்தான், கப்பல் பட்டறையில் வெல்டர், தங்கச்சி கல்யாணத்துக்கு வேண்டிக்கொண்டு எடுக்கிறான். சொன்னேன். அதற்குப் பிறகு தேங் சாலை வரைக்கும் அந்த அம்மா அந்த ஒரு காவடியையே தொடர்ந்து நடந்து வந்தார்.

பாதிரிமார் எழுத்துக்கு வருகிறேன், செங்காங் தங்கச்சிக்கு அதிகக் கோபம் அங்கேதான். மிஷன் நடந்தது தாய்நாட்டுச் சபையார் கொடுத்த காசில். அந்தக் காசு வரவேண்டும் என்றால் இங்கே எவ்வளவு இருட்டு என்று மாதாமாதம் எழுதியாக வேண்டும். ஊரில் ஞாயிற்றுக்கிழமை ஆராதனைக்குப் பிறகு வாசித்துக் காட்ட எழுதிய அறிக்கை அது. நம் சாமி கும்பிடுதலும் திருவிழாவும் அதில் எப்படி வரும் என்று எதிர்பார்க்க முடியும்? அதனால் பாதிரியார் பேரில் ஒரு பக்கம் கிடைத்தால், யாருக்கு எழுதியது என்று முதலில் பார்க்கவேண்டும்.

பிப்ரவரி 7, காலை 6.50

ராத்திரி எழுதியதைத் திரும்பப் படித்தேன். அது பாதிரிமார் எழுத்தில் பாதிதான்.

தரங்கம்பாடிக்கு 1706இல் வந்த சீகன்பால்க் திண்ணைப் பள்ளிப் பிள்ளைகளோடு உட்கார்ந்து மணலில் எழுத்துப் பழகினார். பிறகு அவரும் குருண்ட்லரும் ஊரில் படித்த தமிழர்களுக்குக் கடிதம் போட்டுக் கேள்வி கேட்டார்கள். உங்கள் கல்யாணம் எப்படி, வைத்தியம் எப்படி, எங்கள் மதத்தைப் பற்றி என்ன நினைக்கிறீர்கள் என்று. பதில்கள் வந்தன, 99 கடிதம் ஜெர்மனியில் ஹாலெ நகரில் அச்சாயின. எங்களவர் சிலர் அதில் ஐரோப்பியர் நடத்தையைக் காய்ச்சி எடுத்திருக்கிறார்கள். நோக்கம் மதமாற்றம்தான், அதை மறைக்க முடியாது. இருந்தாலும் கேட்டார், பதிலையும் அச்சுப் போட்டார். அவருக்குப் பின் வந்த எத்தனையோ பேர் இதைச் செய்யவில்லை.

இங்கேயும் உண்டு. ஆஸ்திரேலியாவிலிருந்து 1887இல் வந்த சோஃபியா பிளாக்மோர் அதே வருஷம் ஷார்ட் ஸ்ட்ரீட்டில் ஒரு கடைவீட்டில் பள்ளிக்கூடம் தொடங்கினார், ஒன்பது தமிழ்ப் பிள்ளைகளோடு. இன்றைக்கு மெத்தடிஸ்ட் பெண்கள் பள்ளியாக இருப்பது அதுதான். பிள்ளைகளைச் சேர்க்க வீடு வீடாகப் போனார். வாசலோடு நின்றுவிட்டுப் போகிற பயணிக்கும், அடுப்படி வரைக்கும் போய் "பிள்ளையை அனுப்புங்கள்" என்று கெஞ்சியவருக்கும் ஒரே அளவுகோல் வைக்கக்கூடாது.

பிப்ரவரி 8, மாலை 5.30

"எல்லாம் வெள்ளைக்காரர் நம்மைப் பார்த்ததுதானே, நம்மவர் அவர்களைப் பார்த்து எழுதவில்லையா?" என்று கேட்ட ஜூரோங் அக்காவுக்கு.

எழுதினார் அக்கா, முன்ஷி அப்துல்லா. முன்ஷி என்றால் மொழி ஆசிரியர். மலாய் இலக்கியத்தின் பெரிய பேர். மலாக்காவில் பிறந்தவர். ஏமனிலிருந்து வந்த கொள்ளுத்தாத்தா தமிழ்நாட்டில் பெண்ணெடுத்தவர், நாகூர்த் தொடர்பு உள்ள குடும்பம், ரத்தத்தில் அரபும் தமிழும் கலந்தவர். சின்ன வயசில் இரண்டரை வருஷம் தமிழ் படித்ததாக அவரே எழுதுகிறார். மலாக்காவில் வியாபாரக் கணக்கு வழக்கு நடந்தது தமிழில்தான், வசதியான வீட்டுப் பிள்ளைகளைத் தமிழ் படிக்கவைப்பது அங்கே வழக்கம் என்கிறார்.

சிங்கப்பூரில் ஆங்கிலேயர் குடியேற்றத்தைத் தொடங்கிய ராஃபிள்ஸிடம் எழுத்தராக இருந்தார். பாதிரிமாருக்கு மலாய் சொல்லிக்கொடுத்துச் சம்பாதித்தார். மில்ன், தாம்சன், பிறகு கீஸ்பெரி, இவர்களுக்கெல்லாம் ஆசிரியர். அமெரிக்க மிஷனரி ஆல்ஃபிரட் நார்த் தூண்டித் தன் வாழ்க்கையை எழுதினார். 'ஹிகாயத் அப்துல்லா' 1849இல் சிங்கப்பூரில் கல்லச்சில் வந்தது.

அதில் வெள்ளைக்காரர் எப்படி வருகிறார்கள் பாருங்கள். மில்ன் சாந்தமானவர், பணிவாகப் பேசுவார். தாம்சன் பிடிவாதக்காரர், ஆசிரியர் திருத்திச் சொன்னாலும் கேட்கமாட்டார். ராஃபிள்ஸ் செடியும் பறவையும் சுவடியும் எப்படிச் சேர்த்தார், மேசையில் எப்படி உட்கார்ந்தார், யாரிடம் எப்படிப் பேசினார் என்று ஒவ்வொன்றும். எழுத்தர் உட்காரும் இடத்திலிருந்து முதலாளியைப் பார்க்கிற பார்வை அது. பாதிரியாரின் அறிக்கையில் "என் முன்ஷி" என்று ஒரு சொல்லில் போகிறவர், தன் புத்தகத்தில் அந்தப் பாதிரியாரை எடை போடுகிறார். இதைப் படித்த அன்று எனக்கு ராத்திரி தூக்கம் வரவில்லை.

ஆனால் அவரும் பயணியாகப் போனால் பயணி மாதிரியே எழுதுகிறார். கிளந்தானில் உள்நாட்டுச் சண்டை, சிங்கப்பூர் வணிகர்களின் சரக்கு மாட்டிக்கொண்டது. 1838இல் இங்கிருந்து கடிதங்களோடு படகில் போனார்கள், இவர் கூடப் போனார். அந்தப் பயணக் கதையில் பகாங், திரெங்கானு, கிளந்தான் மக்களை எப்படித் திட்டுகிறார் தெரியுமா? வீட்டுக்கடியில் சாக்கடை, ஆண்கள் ஆயுதம் செருகிக்கொண்டு சும்மா திரிகிறார்கள், அரசர்கள் குடிகளைக் கொடுமை செய்கிறார்கள், ஆங்கிலேயர் ஆட்சி எவ்வளவு மேல் என்று. பேர்ட் அம்மாவைத் திட்டினால் இவரையும் திட்டவேண்டும். நான் இரண்டு பேரையும் திட்டமாட்டேன். குடிகள் படும் பாட்டைக் கண்டு அவருக்கு வந்த கோபம் உண்மையான கோபம். சம்பளம் கொடுத்த பக்கத்தின் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார் என்பதும் உண்மை.

வாலஸ் இங்கே வந்து இறங்கிய அதே 1854இல் அப்துல்லா ஹஜ்ஜுக்குக் கப்பல் ஏறினார். வழியெல்லாம் குறிப்பு எழுதினார். குமரிமுனைக் கடலில் அடித்த அலையைப் பற்றி அவர் எழுதியிருப்பதைப் படித்தால் ரஜூலாவில் வந்த நம் பெரியவர்கள் சொன்ன கதையெல்லாம் ஞாபகம் வரும். அவர் திரும்பி வரவில்லை, அந்தப் பயணத்திலேயே மௌத்தாகிவிட்டார்.

பிப்ரவரி 8, இரவு 8.45

ஆற்று முகத்துவாரத்தில் இருந்த எழுத்துப் பொறித்த பாறையை, சிங்கப்பூர்க் கல்லை, ஒருவர் இழுத்திருக்கிறார், "அது சோழர் கல்வெட்டு, வெள்ளைக்காரன் மறைத்துவிட்டான்" என்று. மறைக்கவில்லை, உடைத்தார்கள். 1843இல் ஆற்று முகத்துவார வேலைக்காக வெடி வைத்தார்கள். மிச்சத் துண்டு தேசிய அரும்பொருளகத்தில் இருக்கிறது, போய்ப் பாருங்கள். கரடுமுரடான மணற்கல், எழுத்து தேய்ந்துபோய் வரி வரியாகத் தெரியும், விளக்கு சாய்ந்து விழும் பக்கம் நின்றால் கொஞ்சம் தெளிவாகத் தெரியும். அப்துல்லா அதைப் பற்றி எழுதியிருக்கிறார். ஆளாளுக்கு வந்து பார்த்தார்கள், ஆளுக்கு ஒன்று சொன்னார்கள், ராஃபிள்ஸ் அது இந்து எழுத்தாக இருக்கும் என்றார் என்று. எல்லாரும் ஒத்துக்கொள்ளும் வாசிப்பு இன்றுவரை இல்லை. நம் ஆசைக்காக அந்தக் கல்லைப் படித்துவிடக்கூடாது.

பிப்ரவரி 9, காலை 8.00

தமிழிலேயே இல்லையா என்று இரண்டு பேர் கேட்டுவிட்டார்கள். 1893இல் ரங்கசாமி தாசன் 'அதிவினோதக் குதிரைப் பந்தய லாவணி' போட்டார். சிராங்கூன் சாலைப் பக்கம் குதிரைப் பந்தயத் திடல் இருந்த காலம், இன்றைக்கு ஃபேரர் பார்க். பந்தயம் பார்க்கப் போகிற தமிழ்த் தம்பதியின் வழியாக ஊர் வேடிக்கை விரிகிறது. பேர்ட் அம்மாவின் பத்தியில் பேசாமல் நடந்துபோன பெண் இங்கே புருஷனோடு ஊர் பார்க்கக் கிளம்பியிருக்கிறாள். பதினான்கு வருஷம்தான் இடைவெளி. இரண்டையும் பக்கத்தில் வைத்து நம் பிள்ளைகளுக்குக் கொடுத்தால் எவ்வளவு நன்றாக இருக்கும்!

பிப்ரவரி 9, இரவு 11.15

எனக்கு ரொம்பப் பிடித்ததைக் கடைசியில் எழுதலாம் என்று வைத்திருந்தேன்.

மெக்நேர் என்ற பொறியாளர், இங்கே இந்தியக் கைதிகளுக்குப் பொறுப்பாக இருந்தவர். அரசு மாளிகையை, இன்றைய இஸ்தானாவை, வடிவமைத்தவரும் அவர்தான். 1825 தொடங்கி மதராஸ், வங்காளம், பம்பாய் எல்லா இடத்திலிருந்தும் தண்டனைக் கைதிகளைக் கப்பலில் கொண்டுவந்தார்கள். சாலை போட்டது அவர்கள், பாலம் கட்டியது அவர்கள், புலி வேட்டைக்கும் அவர்களைக் குழுக்களாக அனுப்பினார்கள். 1873இல் அந்தச் சிறை ஏற்பாடே கலைந்தது. 1899இல் மெக்நேர் இன்னொருவரோடு சேர்ந்து புத்தகம் எழுதினார், கைதிகளே கைதிகளுக்குக் காவலராக இருந்த கதை. ஊர் சுற்றிய புத்தகம் என்று சொல்ல முடியாது, ஆனால் இந்த இழையில் அதற்குத்தான் முதல் இடம் கொடுப்பேன்.

செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயத்தைக் கட்டியவர்கள் அந்தக் கைதிகள். 1856இல் அடிக்கல், 1862இல் பிரதிஷ்டை. உள்சுவருக்குப் பூசிய மதராஸ் சுண்ணாம்பை எப்படிச் செய்தார்கள் என்று மெக்நேர் எழுதுகிறார். கிளிஞ்சல் சுண்ணாம்பு, மணல் சேர்க்கவில்லை. முட்டை வெள்ளைக்கருவையும் வெல்லத்தையும் அடித்துக் குழைத்துக்கொண்டார்கள். தேங்காய் மட்டையை ஊறவைத்த தண்ணீரில் அதைக் கலந்தார்கள். பூசி, காயவிட்டு, ஸ்படிகக் கல்லாலோ உருண்டைக் கல்லாலோ தேய்த்துத் தேய்த்து மெருகேற்றினார்கள், நடுநடுவே மாக்கல் பொடியைத் தூவினார்கள்.

இதைப் படித்தபோது நான் ரயிலில் இருந்தேன். எங்கள் ஊர்ப்பக்கம் செட்டிநாட்டு வீடுகளில் சுவரைத் தொட்டால் ஜில்லென்று இருக்கும், முகம் தெரியும். சின்ன வயசில் லீவுக்குப் போனால் முதுகைச் சுவரில் சாய்த்து உட்கார்ந்திருப்போம். கொத்தனார் தாத்தா ஒருவர் கடுக்காய் ஊறவைத்த தண்ணீர், வெல்லம், முட்டை வெள்ளைக்கரு என்று சொல்லிக்கொண்டே போவார், சாயங்காலம் வரைக்கும் கூழாங்கல்லால் தேய்க்கவேண்டும், கை விட்டால் திட்டு விழும் என்பார். அதே கை இங்கே விலங்கோடு வந்து ஆங்கிலேயர் கோயிலுக்குச் சுவர் பூசியிருக்கிறது.

மெக்நேருக்கு இது எப்படித் தெரியும்? அந்தக் கைகள் இல்லாமல் அவருக்குக் கட்டடம் எழும்பாது. எத்தனை பங்கு, எவ்வளவு நேரம், எந்தக் கல் என்று கேட்டுத் தெரிந்தே ஆகவேண்டும். அவரும் அந்தக் காலத்து ஆள்தான், இந்த இனம் இப்படி அந்த இனம் அப்படி என்று அவரும் எழுதுகிறார். அந்தப் பக்கங்களை வேகமாகத் தாண்டிவிடுவேன். சுண்ணாம்பு குழைக்கிற பக்கத்தில் நின்றுவிடுவேன்.

இப்போது ஆட்களை அந்தத் தேவாலயத்துக்கு அழைத்துப் போனால் கோபுரத்தையும் கண்ணாடியையும் காட்டுவதற்கு முன்பு தூண் பக்கம் நிறுத்தி இந்தச் சுண்ணாம்பைச் சொல்கிறேன். முட்டை என்றதும் எல்லாரும் சுவரைத் திரும்பிப் பார்ப்பார்கள்.

பிப்ரவரி 10, இரவு 9.40
செங்காங் வாசகி

அண்ணே, எல்லாவற்றையும் மகளுக்குப் படித்துக் காட்டினேன். சுண்ணாம்பு விஷயத்தை வைத்தே வகுப்பில் பேசப் போகிறாளாம். கைதிகளில் தமிழர் யார், பேர் இருக்கிறதா என்று கேட்கிறாள். எங்கே தேடுவது?

பிப்ரவரி 10, இரவு 10.30

பிள்ளைக்கு என் வாழ்த்து. நல்ல கேள்வி கேட்டிருக்கிறாள்.

விக்டோரியா ஸ்ட்ரீட் தேசிய நூலகத்தில் பதினோராம் மாடிக்கு அழைத்துப் போங்கள், சிங்கப்பூர், தென்கிழக்காசியத் தொகுப்பு அங்கேதான். நான் மேலே சொன்ன பழைய புத்தகங்களில் பல, நூலக வாரியத்தின் இணையத்தளத்திலும் பக்கம் பக்கமாகப் படிக்கக் கிடைக்கின்றன, காசு இல்லை. பழைய நாளிதழ்களும் அப்படித்தான். நாளிதழில் கைதி என்று மட்டும் தேடினால் கடல் மாதிரி வந்து விழும். தேவாலயம் கட்டிய 1856 முதல் 1862 வரை என்று வருஷத்தைக் குறுக்கிக்கொண்டு தேடச் சொல்லுங்கள்.

மெக்நேர் புத்தகத்தில் கைதிகளின் படங்கள் உண்டு. அதை முதலில் அவளுக்குக் காட்டுங்கள், பிறகு எழுத்தைப் படிக்கட்டும். படத்தில் இருப்பவர்களின் கையில் என்ன கருவி இருக்கிறது, காலில் என்ன இருக்கிறது என்று குறித்துக்கொள்ளச் சொல்லுங்கள். சனிக்கிழமை மதியம் நான் அங்கேதான் இருப்பேன், லாவணியைப் பார்க்கப் போகிறேன். வந்தால் சேர்ந்து தேடலாம்.